ரஜூலா: மானம் கப்பலேறிய கதை

(கச்சிராயபாளையத்தில் மாணவர்களும் இயக்கத் தோழர்களும் கூடிய கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம். பேச்சுமொழி கூடியவரை அப்படியே விடப்பட்டிருக்கிறது.)



நோட்டீசில் தலைப்பைப் பார்த்துவிட்டு ஒரு தோழர் என்னிடம் கேட்டார்: "கோமுகி அணைக்குக் கப்பல் வருதா தோழர்?" நல்ல கேள்விதான். மலையடிவாரத்து ஊர். பக்கத்தில் கல்வராயன் மலை. பிழைப்பென்றால் கரும்பு, சர்க்கரை ஆலை, மரவள்ளி. கடலைப் பார்க்காமலே செத்துப்போன கிழவிகள் இந்த ஊர்ச் சேரியில் எத்தனையோ பேர். இங்கே வந்து கப்பலைப் பற்றி ஏன் பேச வேண்டும்?

ஆனால் பாருங்கள், நம்ம பேச்சில் கப்பல் கிடக்கிறது. பொண்ணு யார் கூடவாவது போய்விட்டால் "மானம் கப்பலேறிப் போச்சு" என்கிறார்கள். கன்னத்தில் கைவைத்து உட்கார்ந்தால் "கப்பலா கவுந்துபோச்சு?" என்கிறார்கள். கடல் பார்க்காத ஊர்களில் இந்த வார்த்தை எப்படி இவ்வளவு ஆழமாகப் புழங்குகிறது? கப்பலேறிப் போனது யார்? அப்போது யாருடைய மானம் போயிற்று? இதைத்தான் கேட்கப் பார்க்கிறேன்.

கப்பல் என்றதும் உங்களில் பாதிப் பேருக்கு டைட்டானிக் நினைவு வரும். மீதிப் பேருக்கு வ.உ.சி., அதாவது 1961இல் வந்த சிவாஜி கணேசன் படம். முதலாவது வெள்ளைக்காரப் பணக்காரன் மூழ்கிய கதை. இரண்டாவது சுதேசி முதலாளி தோற்ற கதை. இரண்டும் பெரிய கதைகள்தான். நான் சொல்லப்போகும் கப்பல் மூழ்கவும் இல்லை, யாரையும் தியாகி ஆக்கவும் இல்லை. 47 வருஷம் ஓடியது. இரும்புக் கடைக்குப் போயிற்று. அதன் பெயர் எஸ்.எஸ். ரஜூலா. நாகப்பட்டினத்திலும் பினாங்கிலும் பழைய ஆட்களிடம் கேட்டால் இன்றைக்கும் சொல்வார்கள். படம் எடுக்கவில்லை, அவ்வளவுதான்.

முதலில் கம்பெனியைப் பற்றி. பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனி. சுருக்கமாக பி.ஐ. ஸ்காட்லாந்திலிருந்து கல்கத்தாவுக்கு வியாபாரத்துக்கு வந்த வில்லியம் மக்கின்னன் என்பவர் 1856இல் தொடங்கியது. அப்போது அதன் பெயர் கல்கத்தா அண்டு பர்மா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனி. கல்கத்தாவுக்கும் இரங்கூனுக்கும் இடையில் தபால் கொண்டுபோக அரசாங்க ஒப்பந்தம் கிடைத்தது. அதை வைத்துத்தான் கம்பெனி. 1862இல் பிரிட்டிஷ் இந்தியா என்று பெயர் மாற்றினார்கள். பிறகு வங்காள விரிகுடா, அரபிக்கடல், பாரசீக வளைகுடா, கிழக்கு ஆப்பிரிக்கா என்று விரிந்து நூற்றுக்கும் மேற்பட்ட கப்பல்கள் வைத்திருந்தது. 1914இல் பி அண்டு ஓ கம்பெனியோடு சேர்ந்தது. இஞ்ச்கேப் பிரபு என்ற ஒரே ஆள் இரண்டுக்கும் தலைவர்.

இதில் இரண்டு சங்கதிகளைக் கவனிக்க வேண்டும். ஒன்று, 'தனியார் முயற்சி' என்று புத்தகங்கள் புகழ்கிற இந்தக் கம்பெனி அரசாங்கத் தபால் பணத்தில் எழுந்து நின்றது. இரண்டு, இந்தக் கம்பெனிக்குச் சென்னையில் ஏஜெண்டு யார் தெரியுமா? பின்னி அண்டு கோ. தூத்துக்குடியில் ஹார்வி. அதே பின்னிதான் பக்கிங்காம் கர்நாடிக் மில்களை நடத்தியது. 1921இல் அங்கே வேலைநிறுத்தம் நடந்தபோது ஆதிதிராவிடத் தொழிலாளர்கள் வேலைக்குப் போனார்கள் என்பதற்காகப் புளியந்தோப்புச் சேரி எரிந்தது. எம்.சி. ராஜா நம் மக்கள் பக்கம் நின்று பேசினார். 'கருங்காலிகள்' என்று இன்றுவரை தொழிற்சங்க வரலாறு நம்மைச் சொல்லிக்கொண்டிருக்கிறது. மில்லுக்குள்ளே ஆள் எடுப்பதும், கப்பலுக்கு ஆள் ஏற்றுவதும் ஒரே கம்பெனியின் கைகள். வரலாற்றுப் புத்தகத்தில் மட்டும் இது வேறு அத்தியாயம், அது வேறு அத்தியாயம்.

இப்போது 1907க்கு வாருங்கள். அந்த ஒரு வருஷத்தை மட்டும் பார்த்தால் போதும்.

1906 அக்டோபரில் வ.உ.சி. சுதேசி நாவாய்ச் சங்கத்தைப் பதிவு செய்கிறார். மூலதனம் பத்து லட்சம். 25 ரூபாய் பங்கு, நாற்பதாயிரம் பங்குகள். பாண்டித்துரைத் தேவர் தலைவர். 1907இல் காலியா, லாவோ என்ற இரண்டு கப்பல்கள் தூத்துக்குடிக்கு வந்தன. தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்குப் போட்டி. பி.ஐ. கம்பெனி கட்டணத்தை ஒரு ரூபாயாக இறக்கியது, கடைசியில் இலவசமாகவே ஏற்றிக்கொண்டு குடையும் கொடுத்தது என்று சொல்வார்கள். 1908 மார்ச்சில் வ.உ.சி. கைது. ஜூலையில் இரட்டை ஆயுள் தண்டனை. 1911இல் கம்பெனி கலைக்கப்பட்டது. காலியாவை அந்த வெள்ளைக்காரக் கம்பெனிக்கே விற்றார்கள். இது உங்களுக்குத் தெரிந்த கதை. ஹார்வியின் கோரல் மில் தொழிலாளர்களுக்காக நின்ற வ.உ.சி.யின் மீது எனக்கு மரியாதை உண்டு. செக்கிழுத்தவரைக் கேலி பேசுவது நம் வேலையல்ல.

அதே 1907இல் மலேயாவில் ஒரு சட்டம் வந்தது. தமிழர் குடியேற்ற நிதிச் சட்டம். ரப்பர்த் தோட்ட முதலாளிகள் தங்களிடம் வேலை செய்கிற ஆள் கணக்குப்படி ஒரு நிதிக்குப் பணம் கட்ட வேண்டும். அந்த நிதியிலிருந்து தமிழ்நாட்டுக் கூலிகளுக்கு 'இலவச' டிக்கெட். அதே 1907 ஜூனில் சென்னை ராயப்பேட்டையிலிருந்து அயோத்திதாசப் பண்டிதர் 'ஒரு பைசாத் தமிழன்' பத்திரிகையைத் தொடங்குகிறார். சுதேசியம் பேசுகிறவர்களை அதில் விடாமல் கேள்வி கேட்டார். உள்ளூரில் கிணற்றுத் தண்ணீர் கொடுக்காதவன் பேசுகிற தேசம் யாருடைய தேசம் என்பதுதான் அவருடைய எழுத்தின் சாரம். அதற்காக அவரை வெள்ளைக்காரன் கைக்கூலி என்றார்கள்.

மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். 25 ரூபாய் பங்கு எந்தச் சேரியில் விற்றிருக்கும்? கப்பல் யாருடையது என்று வெள்ளை முதலாளியும் சுதேசி முதலாளியும் அடித்துக்கொண்டார்கள். ஆனால் கப்பலின் தளத்தில் உட்கார்ந்திருந்தவர்கள் யார்? தூத்துக்குடி கொழும்பு வழி என்பது தேயிலைத் தோட்டத்துக்கு ஆள் போகிற வழியல்லவா? இந்தக் கேள்வி இரண்டு கம்பெனிக் கணக்குப் புத்தகத்திலும் இல்லை. இருந்தது: 'டெக்' என்ற தலைப்பில், தொகையாக.

நான் வங்கியில் கணக்கெழுதிப் பிழைக்கிறவன். கவிதை எழுதுகிறவன் என்பதைவிட இங்கே அதுதான் உதவுகிறது. ஒரு கம்பெனியைப் புரிந்துகொள்ள அதன் விளம்பரத்தைப் படிக்கக்கூடாது, வரவு எங்கிருந்து வந்தது என்று பார்க்க வேண்டும்.

ரஜூலா 1926இல் கிளாஸ்கோவில் பார்க்லே கர்ல் பட்டறையில் கட்டப்பட்டது. பெயர் கத்தியவாரில் இருக்கிற ஒரு ஊருடையது, பி.ஐ. கம்பெனி கப்பல்களுக்கு இந்திய ஊர்ப் பெயர்களை வைப்பது வழக்கம். நீளம் சுமார் 480 அடி. கொள்ளளவு 8,400 டன்னுக்குச் சற்று மேல். சென்னையில் புறப்பட்டு, நாகப்பட்டினத்தில் ஆள் ஏற்றி, பினாங்கு, போர்ட் சுவெட்டன்ஹாம், சிங்கப்பூர். திரும்பவும் அதே வழி. மேலே அறைகளில் நூற்றுக்கணக்கில்கூட இல்லை, கொஞ்சம் பேர். கீழே டெக்கில் எத்தனை பேருக்கு அனுமதி தெரியுமா? ஐயாயிரத்துக்கும் மேல்.

டைட்டானிக் 46,000 டன். 1912இல் அது மூழ்கியபோது அதில் இருந்தவர்கள், வேலையாட்கள் உட்பட, ஏறத்தாழ 2,200 பேர். ரஜூலா அதில் ஐந்தில் ஒரு பங்குகூட இல்லாத கப்பல். அதற்கு ஐயாயிரம் பேர். இங்கே இருக்கிற மாணவத் தோழர்கள் வகுத்துப் பார்த்துக்கொள்ளுங்கள். இது திருட்டுத்தனமாக ஏற்றியதல்ல. சட்டப்படி. 1887இலேயே 'சுதேசிப் பயணிகள் கப்பல் சட்டம்' என்று ஒன்று வந்துவிட்டது. டெக்கில் போகிற ஆளுக்கு இத்தனை சதுர அடி என்று அளந்து கொடுத்தது அது. தேங்காய் மூட்டைக்கும் அப்படித்தான் இடம் அளக்கிறார்கள். கட்டில் கிடையாது. பாயை விரித்த இடம்தான் வீடு. தகரப்பெட்டிதான் சுவர். பக்கத்தில் ஒருத்தர் வாந்தி, இந்தப் பக்கம் ஒரு பிள்ளைப்பேறு. வாரத்துக்கு மேல் இப்படி.

கப்பல் 1926இல் ஏன் கட்டப்பட்டது? அந்த வருஷம் மட்டும் தென்னிந்தியாவிலிருந்து மலேயாவுக்குப் போனவர்கள் ஒன்றரை லட்சத்துக்கும் மேல். அமெரிக்காவில் மோட்டார் வண்டி பெருகுகிறது, டயருக்கு ரப்பர் வேண்டும், ரப்பருக்குப் பால் வெட்ட ஆள் வேண்டும், ஆளுக்குக் கப்பல் வேண்டும். மூன்று நாலு வருஷத்தில் உலகப் பொருளாதாரம் விழுந்தது. ரப்பர் விலை விழுந்தது. ஒரு நாளைக்கு 50 காசு வாங்கிக்கொண்டிருந்த ஆண் ஆளுக்குக் கூலி குறைந்தது, பெண்ணாளுக்கு அதற்கும் கீழே. பிறகு வேலையே இல்லை என்று திருப்பி அனுப்பினார்கள். 1930க்கும் 1933க்கும் நடுவில் அப்படித் திரும்பிக் கப்பலேற்றப்பட்ட தமிழர்கள் ஒன்றரை லட்சத்துக்கும் அதிகம். இதிலே ஒரு நுட்பம் இருக்கிறது. தோட்டக்காரனுக்கு நஷ்டம். கூலிக்குப் பட்டினி. கப்பல் கம்பெனிக்கு? போனாலும் காசு, வந்தாலும் காசு. ஆளைக் கொண்டுபோகும்போதும் நிதியிலிருந்து டிக்கெட், கொண்டுவந்து தள்ளும்போதும் டிக்கெட். இந்த மாதிரிப் பத்திரமான தொழில் எங்கள் வங்கித் துறையில்கூட இல்லை.

வங்கி என்றதும் ஒன்று சொல்லிவிடுகிறேன். 1937இல் ஐ.ஓ.பி. தொடங்கியபோது காரைக்குடி, சென்னை, இரங்கூன் மூன்று இடத்திலும் ஒரே நாளில் கதவு திறந்தார்கள். செட்டியார்கள் கடல் தாண்டி வட்டிக்கு விட்ட பணத்தின் வழி அது. அந்தப் பணம் அறையில் போயிற்று. அந்தப் பணத்துக்கு வட்டி கட்டுகிற உழைப்பு டெக்கில் போயிற்று. வங்கி வரலாறு எழுதுகிறவர்கள் அறையைப் பற்றி மட்டும் எழுதுகிறார்கள்.

சரி, டெக்கில் இருந்தவர்கள் எல்லாரும் நம்ம ஆட்கள்தானா? அப்படிச் சொல்ல மாட்டேன். வன்னியர், கள்ளர், அம்பலக்காரர், கவுண்டர் எல்லாரும் போனார்கள். ஆனால் மலேயாத் தோட்டங்களில் மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாமல் ஆதிதிராவிடர்கள் இருந்தார்கள். திருச்சி, தஞ்சாவூர், சேலம், வட ஆற்காடு, தென் ஆற்காடு. இந்தக் கள்ளக்குறிச்சி அப்போது தென் ஆற்காட்டில்தான் இருந்தது. 2019இல்தானே தனி மாவட்டம் ஆயிற்று.

இவர்கள் ஏன் போனார்கள் என்பதில்தான் எனக்கும் தேசியவாதிகளுக்கும் சண்டை. இடதுசாரித் தோழர்கள் சிலரோடும்தான்.

'ஏமாற்றிக் கூட்டிப்போனார்கள்' என்று ஒரு கதை இருக்கிறது. ஆள்கட்டி வந்தான், சர்க்கரை சாப்பிடலாம், தேங்காய் மரத்தடியில் தங்கம் தோண்டலாம் என்றான், அப்பாவிகள் நம்பி ஏறினார்கள். ஏமாற்றியது உண்மை. கங்காணி பொய் சொன்னது உண்மை. ஆனால் அந்தக் கதையில் போனவனுக்கு மூளையே இல்லை. அவன் என்ன விட்டுவிட்டுப் போனான் என்று கேட்கவே மாட்டார்கள். கேட்டால் பண்ணையாரைப் பற்றிப் பேச வேண்டி வருமே.

பறையரும் பள்ளரும் இந்த மண்ணில் நிலத்தோடு சேர்த்து விற்கப்பட்டவர்கள். 1843இல் அடிமை முறைக்குச் சட்டப் பாதுகாப்பு இல்லை என்று கம்பெனி அரசு சட்டம் போட்டது. 1861க்குப் பிறகு அடிமை வைத்திருப்பது குற்றம். காகிதத்தில் இப்படி இருந்தது. ஊரில் படியாள், பண்ணையாள் என்று பேர் மாற்றி வைத்துக்கொண்டார்கள். தாத்தன் வாங்கிய அரை மூட்டை கேழ்வரகுக் கடன் பேரன் தலையில். ஓடினால் பிடித்துக்கொண்டு வருவான். பக்கத்து ஊருக்கு ஓடினால் அந்த ஊர்ப் பண்ணை இந்த ஊர்ப் பண்ணையிடம் ஒப்படைப்பான். அப்படியானால் பிடிக்க முடியாத ஒரு இடம் வேண்டும். கடலுக்கு அந்தப் பக்கம்.

தஞ்சாவூர் மிராசுதாரர்கள் அரசாங்கத்திடம் முறையிட்டார்கள். என்ன முறையீடு? 'ஐயோ எங்கள் சனங்கள் அந்நிய மண்ணில் கஷ்டப்படுகிறார்களே' என்றா? இல்லை. ஆள் கிடைக்கவில்லை, கூலி ஏறிப்போயிற்று, கப்பலை நிறுத்துங்கள் என்று. இதைவிட வேறு சாட்சி வேண்டுமா? வெள்ளைக்காரத் தோட்டக்காரனுக்கு அடங்கிய கூலி வேண்டும். மிராசுதாருக்கும் அடங்கிய கூலி வேண்டும். இரண்டு எசமான்கள் ஒரே ஆளை இழுத்தார்கள். அந்த இழுபறியின் நடுவில் கிடைத்த சந்தில் நம்ம பாட்டன் ஒரு அடி எடுத்து வைத்தான். அந்த ஒரு அடியை 'ஏமாந்தான்' என்று எழுதுகிறவனிடம் எனக்குக் கோபம் வருகிறது.

எங்கள் பாட்டியின் அண்ணன் ஒருவர் அப்படிப் போனவர். பாட்டி அவரைப் பற்றிச் சொல்லும்போது "கப்பலேறிட்டான்" என்பாள். அழுதுகொண்டு சொல்ல மாட்டாள், கொஞ்சம் மிதப்பாகத்தான் சொல்வாள். களத்தில் கட்டிவைத்து அடித்த மறுவாரம் போய்விட்டாராம். கடலூருக்கு நடந்தே போய் ரயில் பிடித்து நாகப்பட்டினம். திரும்பி வரவேயில்லை. ஒரே ஒரு தரம் பணம் வந்தது. அந்தப் பணத்தில் பாட்டிக்கு மூக்குத்தி. 'மானம் கப்பலேறிப் போச்சு' என்ற சொல்லை நான் அப்புறம்தான் வேறு மாதிரிப் படிக்கக் கற்றுக்கொண்டேன். ஊர்க்காரன் அதை அவமானம் என்று சொல்கிறான். எங்கள் வீட்டில் மானம் உள்ள ஒரே ஆள் கப்பலேறிப் போனான்.

இன்னொரு பக்கமும் பாருங்கள். கடல் தாண்டினால் பாவம். போதாயன தர்மசூத்திரம் சாதியிலிருந்து விழச்செய்கிற பாவங்களைப் பட்டியல் போடுகிறது. முதலில் வருவது கடற்பயணம். ஐயர்களும் ஐயங்கார்களும் பாரிஸ்டர் படிக்கப் போய்வந்து பிராயச்சித்தம் செய்தார்கள். நமக்கு என்ன பிராயச்சித்தம்? இழப்பதற்குச் சாதியே இல்லாதவனுக்குக் கடல் வெறும் தண்ணீர்தான். அவர்கள் 'காலாபானி' என்று நடுங்கிய அதே தண்ணீரில் நம்ம ஆள் கஞ்சிக்கலயத்தைக் கழுவிவிட்டு உட்கார்ந்திருந்தான்.

ஆனால் இங்கே ஒரு எச்சரிக்கை. கப்பல் சாதியை ஒழித்தது என்று யாராவது கவிதை எழுதினால் நம்பாதீர்கள். 1860 அக்டோபரில் சென்னையிலிருந்து நேட்டாலுக்குப் புறப்பட்ட ட்ரூரோ என்ற கப்பலில் 342 பேர் போனார்கள். நவம்பர் 16 அன்று டர்பனில் இறங்கினார்கள். அந்தக் கப்பல்களின் பயணிப் பட்டியல்கள் இன்னும் இருக்கின்றன. எண், பெயர், தகப்பன் பெயர், வயது, ஆணா பெண்ணா, ஊர், உடம்பில் அடையாளம். நடுவில் ஒரு கட்டம்: சாதி. கரையில் ஏறும்போதே எழுதிவிட்டார்கள். ஆளின் பெயரைத் தப்பும் தவறுமாக எழுதிய குமாஸ்தா, சாதியைத் தப்பில்லாமல் எழுதினான்.

மலேயாவில் ஒப்பந்தக் கூலி முறை 1910இல் நிறுத்தப்பட்டது. பிறகு முழுக்கக் கங்காணி ராஜ்ஜியம். கங்காணி யார்? பெரும்பாலும் சாதி இந்து. ஊருக்கு வந்து தன் சனத்தையும், தன் சனத்துக்கு அடிமைப்பட்ட சனத்தையும் சேர்த்துக் கூட்டிப்போனான். அதாவது ஊரையே பெயர்த்துக்கொண்டு போய் ரப்பர்க் காட்டில் நட்டான். லயங்களில் பறையர் லயம் தனி. கோயிலில் கூழ் ஊற்றும்போது முறை தனி. எழுபதுகள், எண்பதுகளில் அங்கே ஆய்வு செய்தவர்கள்கூட இதை எழுதியிருக்கிறார்கள். தண்ணீரில் உப்பு கரைகிற மாதிரிச் சாதி கரையவில்லை.

அப்படியானால் ஒன்றுமே மாறவில்லையா? மாறியது. கூலி காசாக வந்தது. மரக்காலில் அளந்த பதர் நெல்லாக வரவில்லை. காசு கையில் வந்தால் ஆள் நிமிர்கிறான். பத்திரிகை வாங்குகிறான். 'தமிழன்' இதழுக்குச் சந்தா கட்டியவர்கள் எங்கெங்கே இருந்தார்கள் என்று பாருங்கள்: கோலார் தங்கவயல், பர்மா, தென்னாப்பிரிக்கா. நிலம் இல்லாத இடங்கள். இரட்டைமலை சீனிவாசன் தென்னாப்பிரிக்காவில் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளராக இருந்து திரும்பி வந்து, 1930இல் அம்பேத்கரோடு வட்டமேசை மாநாட்டில் உட்கார்ந்தார். சாதிக்குப் பயந்து கடல் தாண்டாதவர்கள் பட்டியலில் அவர் இல்லை.

இரங்கூனில் பி.எம். மதுரைப் பிள்ளை என்று ஒருவர் இருந்தார். ஆதிதிராவிடர். துறைமுகத்தில் கப்பல் துபாஷித் தொழில் செய்து பெரும் பணக்காரரானவர். பள்ளிக்கூடம் வைத்தார். புலவர்கள் தேடிப்போய் அவரைப் பாடினார்கள், அந்தப் பாடல்கள் 'மதுரைப் பிரபந்தம்' என்று தொகுப்பாகவே வந்தன. அவருடைய பேத்திதான் இரங்கூனில் 1904இல் பிறந்த மீனாம்பாள் சிவராஜ். 1938இல் சென்னையில் பெண்கள் மாநாடு கூடி ஈ.வெ.ரா.வுக்குப் 'பெரியார்' என்ற பட்டம் கொடுத்தபோது முன்னால் நின்றவர்களில் ஒருவர். கப்பலோட்டிய தமிழர் என்றால் ஒரே ஒருவரைத்தான் பள்ளிப் புத்தகம் சொல்கிறது. கப்பலை வைத்துப் பிழைத்து, நூல் பதிப்பித்து, பள்ளி வைத்த ஒரு பறையரின் பெயர் எந்தப் பாடத்தில் வருகிறது?

பெரியார்கூட 1929 டிசம்பரில் நாகப்பட்டினத்திலிருந்து கப்பலேறிப் பினாங்கில் இறங்கினார். சுயமரியாதை மலேயாத் தோட்டங்களில் பரவியதற்கு அந்தப் பயணம் ஒரு காரணம். கப்பல் கூலியை மட்டும் ஏற்றவில்லை, பத்திரிகைக் கட்டுகளையும் ஏற்றியது. கம்பெனி அதற்கு என்ன கட்டணம் போட்டதோ!

பெண்களைப் பற்றிப் பேசாமல் இதை முடிக்க முடியாது. ஒப்பந்தக் கூலிக் காலத்தில் நூறு ஆணுக்கு நாற்பது பெண் ஏற்ற வேண்டும் என்று விதி. மாட்டுச் சந்தைக் கணக்கு மாதிரி இல்லையா? அந்த நாற்பதை நிரப்பக் கைம்பெண்கள், புருஷன் விரட்டியவர்கள், ஊர் ஒதுக்கியவர்கள் எல்லாரையும் ஆள்கட்டிகள் தேடினார்கள். 'ஒழுக்கம் கெட்டவள்கள் கப்பலேறினார்கள்' என்று வெள்ளை அதிகாரியும் எழுதினான், நம் தேசியத் தலைவர்களும் பேசினார்கள். நம் ஆட்களும்தான் பேசினார்கள், அதை மறைக்க வேண்டாம். தோட்டத்தில் ஆணுக்கு 50 காசு என்றால் பெண்ணுக்கு 40. மரத்துக்குத் தெரியுமா பால் வெட்டியது ஆணா பெண்ணா என்று? லயத்துக்குத் திரும்பியதும் சமையல் அவளுக்கு. கள்ளுக்கடையிலிருந்து வருகிறவனிடம் அடியும் அவளுக்கு. ஊரில் பண்ணையாரிடமிருந்து தப்பி வந்த ஆண், லயத்தில் தன் பங்குக்கு ஒரு பண்ணையாரானான். அவள் தப்பிப் போக அடுத்த கப்பல் எது?

ஒப்பந்தக் கூலி முறையை எதிர்த்து காந்தியும் மற்றவர்களும் போராடி 1917இல் அது நின்றது. நல்லதுதான். ஆனால் அந்தப் போராட்டத்தின் பேச்சைக் கேளுங்கள்: வெளிநாட்டில் எங்களைக் 'கூலி' என்கிறார்கள், இந்தியாவின் மானம் போகிறது. கூலி என்று அழைக்கப்படுவதுதான் அவர்களுக்குச் சுட்டது. உள்ளூரில் 'பறப்பயலே' என்று கூப்பிடுவது எந்த நாட்டின் மானத்தையும் பாதிக்கவில்லை. 1938இல் உதவிபெற்றுப் போகும் கூலிகளை அனுப்புவதை இந்திய அரசு முழுவதுமாகத் தடை செய்தது. தோட்டத்தில் கூலியைக் குறைத்ததற்கு எதிர்ப்பு அது. அதுவும் சரிதான். தடை போட்டவர்கள் அதே கையோடு பண்ணையடிமையையும் தடை செய்தார்களா? இந்தக் கல்வராயன் மலையில் ஜாகீர்தார் ஆட்சியே 1976 வரை இருந்தது. கொத்தடிமை ஒழிப்புச் சட்டமும் அதே 1976. கப்பல் கதவைச் சாத்த 1938. பண்ணைக் கதவைத் திறக்க, அதுவும் காகிதத்தில் மட்டும், இன்னொரு 38 வருஷம்.

போர் வந்தது. ரஜூலா படைகளை ஏற்றியது. அதன் கூடப்பிறந்த கப்பல் ரோனா, அதுவும் 1926இல் கட்டியதுதான், மத்தியதரைக் கடலில் 1943 நவம்பர் 26 அன்று ஜெர்மன் விமானம் வீசிய வழிகாட்டிக் குண்டில் மூழ்கியது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட அமெரிக்கச் சிப்பாய்கள் செத்தார்கள். அமெரிக்க அரசு ரொம்ப நாள் அதை வெளியே சொல்லவில்லை. இப்போது அங்கே நினைவுச்சின்னம் இருக்கிறது, புத்தகங்கள் இருக்கின்றன. அதே கப்பலில் செத்த நூற்றுச் சொச்சம் கப்பல் வேலையாட்களில் பெரும்பாலோர் இந்திய லஸ்கர்கள். வெள்ளை மாலுமியின் கூலியில் நாலில் ஒன்று, ஐந்தில் ஒன்று வாங்கிக்கொண்டு கொதிகலன் அறையில் கரி தள்ளியவர்கள். அவர்களைப் பற்றிப் பிழைத்து வந்தவர்கள் சொன்னது, படகை ஒழுங்காக இறக்கவில்லை என்ற குற்றச்சாட்டு. செத்தவன் பேரில் புகார். இதுவும் நமக்குப் பழக்கமான சங்கதிதான்.

போருக்குப் பிறகு ரஜூலா பழைய வழிக்குத் திரும்பியது. டெக்கில் ஏற்றுகிற எண்ணிக்கையை வெகுவாகக் குறைத்தார்கள். கூலிக் கப்பல் மெல்லமெல்லக் குடும்பக் கப்பலாயிற்று. கல்யாணத்துக்கு வருகிறவர்கள், கருமாதிக்கு வருகிறவர்கள், பெண் பார்க்க வருகிறவர்கள். கோடாலித் தைலமும் லுங்கியும் டிரான்சிஸ்டரும் நாகப்பட்டினத்தில் இறங்கின. இந்தக் கட்டத்தைத்தான் எல்லாரும் இனிக்க இனிக்கச் சொல்வார்கள்.

அப்புறம் 1969. மே மாதம் கோலாலம்பூரில் இனக்கலவரம். குடியுரிமை இல்லாத சிவப்பு அடையாள அட்டைக்காரர்களுக்கு வேலை செய்ய அனுமதிச்சீட்டு வேண்டும் என்றார்கள். மூன்று தலைமுறை பால் வெட்டியவனிடம் நீ யார் என்று கேட்டார்கள். தோட்டங்களைத் துண்டு துண்டாக விற்றதில் ஏற்கெனவே வேலை போயிருந்தது. ஆயிரக்கணக்கில் திரும்பினார்கள். பாட்டனைக் கொண்டுபோன அதே ரஜூலா பேரனைக் கொண்டுவந்து இறக்கியது. அவன் பார்த்தேயிராத ஊருக்கு. அந்த ஊரில் அவனுக்காகக் காத்திருந்தது என்ன? சேரி. பெயர் மாறாமல், இடம் மாறாமல். இலங்கையிலிருந்து சாஸ்திரி சிறிமாவோ ஒப்பந்தப்படி இராமானுஜம் கப்பலில் இராமேசுவரம் வந்து இறங்கிய மலையகத் தோழர்களுக்கும் இதேதான். 'தாயகம் திரும்பியோர்' என்று அரசாங்கம் அவர்களுக்குப் பேர் வைத்தது. தாயகமாம்.

1973இல் பி.ஐ. கம்பெனி ரஜூலாவை இந்தியக் கப்பல் கழகத்துக்கு விற்றது. 'ரங்கத்' என்று அந்தமான் ஊர்ப் பெயரை வைத்தார்கள். அடுத்த வருஷமே பம்பாயில் உடைத்துவிட்டார்கள். அந்த வழியில் பிறகு 'சிதம்பரம்' என்ற கப்பல் ஓடி, 1985இல் தீப்பிடித்ததோடு அந்தப் பாதை முடிந்தது. அப்புறம் எல்லாரும் விமானம்.

இனி இங்கே வருவோம். கடல் வேண்டாம், கரும்புத் தோட்டத்துக்கு வாருங்கள். வெட்டுக்கு மேஸ்திரி வருகிறார். ஆடி மாதம் கையில் காசில்லாத நேரமாகப் பார்த்து முன்பணம் கொடுக்கிறார். புருஷன் பெண்டாட்டி சேர்ந்து ஒரு கத்திக் கணக்கு. சீசன் முடிந்தால் கணக்குப் பார்ப்பார், கடன் மிச்சம் இருக்கும், அடுத்த சீசனுக்கும் அவரிடமே. அவர் கங்காணி இல்லையென்றால் வேறு யார்? மலையிலிருந்து செம்மரம் வெட்ட ஆந்திராவுக்குக் கூட்டிப்போகிற ஏஜெண்டு யார்? 2015 ஏப்ரல் 7 அன்று சேஷாசலம் காட்டில் ஆந்திரப் போலீஸ் சுட்டுக்கொன்ற இருபது பேரில் பெரும்பாலோர் ஜவ்வாது மலை, சித்தேரி மலைப் பக்கத்துக் கூலிகள். முன்பணம் கொடுத்தவன் ஒருவன்கூட அந்த இருபதில் இல்லை. சிங்கப்பூருக்கும் வளைகுடாவுக்கும் ஏஜெண்டுக்கு லட்சக்கணக்கில் கட்டிவிட்டுப் போகிற பையன்கள் கடன் விண்ணப்பத்தோடு என் மேசைக்கு முன்னால் வந்து நிற்கிறார்கள். அடமானம் வைக்க நிலம் இல்லை என்பதால் வங்கி கொடுக்காது. வெளியே மீட்டர் வட்டிக்காரன் கொடுப்பான்.

போகாதே என்று அந்தப் பையன்களிடம் நான் சொல்வதில்லை. சொல்ல எனக்கு என்ன யோக்கியதை? இங்கேயே இரு என்று சொல்கிறவன் அவனுக்கு ஏக்கர் நிலம் கொடுக்கட்டும். 1892இல் ஒதுக்கிய பஞ்சமி நிலம் இந்த வட்டாரத்தில் யார் கையில் இருக்கிறது என்று தாலுகா அலுவலகத்தில் கேட்டு வாங்கித் தரட்டும். பிறகு பேசலாம்.

கடைசியாக ஒரு வேலை. இந்தக் கூட்டத்துக்கு வந்திருக்கிற மாணவத் தோழர்கள் தங்கள் தங்கள் சேரியில், காலனியில், வீட்டுப் பரணில் பாருங்கள். தகரப்பெட்டி இருக்கும். அதில் சிவப்பு அட்டையோ, கப்பல் டிக்கெட்டோ, மணியார்டர் ரசீதோ, பினாங்கு ஸ்டூடியோவில் நாற்காலியில் உட்கார்ந்து எடுத்த படமோ கிடக்கலாம். இங்கே நாற்காலியில் உட்கார முடியாதவர்கள் அங்கே போய் முதலில் செய்த காரியங்களில் ஒன்று அந்தப் படம். கிழவிகள் உயிரோடு இருந்தால் உட்கார்ந்து கேளுங்கள். எந்த ஊர்க் கங்காணி, எவ்வளவு முன்பணம், எந்த வழியாக நாகப்பட்டினம் போனார்கள், யார் அடித்ததால் போனார்கள். அடித்தவன் பெயரையும் எழுதிக்கொள்ளுங்கள். எழுதியதைப் பத்திரிகைக்கு அனுப்புங்கள். எழுத்துப்பிழை இருந்தால் பரவாயில்லை, நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

நேரமாகிவிட்டது. கேள்விகள் இருந்தால் கேளுங்கள். வ.உ.சி. பற்றி நான் சொன்னதில் சில தோழர்களுக்கு வருத்தம் இருப்பது முகத்தைப் பார்த்தாலே தெரிகிறது. முதலில் அவர்களே கேட்கட்டும்.